மாவுக்குள் ஒரு பறவை

ஆங்கிலப் பாலர் பாடல் ஒன்றை எங்கள் பிள்ளைகள் கீழ்வகுப்புகளிலேயே மனனஞ் செய்துவிடுகிறார்கள். ஆறு பென்ஸ் நாணயத்தில் தொடங்கி, 24 கரும்பறவைகளை மாவுக்குள் வைத்துச் சுட்டு அரசன் முன் கொண்டுபோய் வைத்த கதையைச் சொல்லும் பாடல் அது. மாவை வெட்டியதும் பறவைகள் பாடினவாம். சுட்ட பறவை எப்படிப் பாடும் என்று கேட்காத பிள்ளையைப் பற்றி, ஆசிரியன் என்ற முறையில் எனக்குக் கொஞ்சம் கவலைதான்.

கேள்விக்கு விடை உண்டு. 1598இல் இத்தாலிய மொழியிலிருந்து ஆங்கிலத்துக்கு வந்த 'எப்புலாரியோ' என்னும் சமையல் நூல் அதற்கு வழி சொல்கிறது. பெரியதொரு மாக்கூடு செய்து, உள்ளே வெறும் மாவை நிரப்பிச் சுட வேண்டும். ஆறியதும் அடியில் துளையிட்டு மாவைக் கொட்டிவிட்டு, உயிருள்ள சிறு பறவைகளை உள்ளே விட வேண்டும். மேசையில் மூடியைத் திறந்ததும் அவை பறக்கும், விருந்தினர் சிரிப்பர். வந்தவர் பசியோடு போகக் கூடாதென்று, உண்பதற்கான சிறியதொரு பண்டமும் அதே கூட்டுக்குள் வைக்கப்படும். இது விருந்துக் கூத்து. நான் இன்று பேச வந்தது அந்தச் சிறிய பண்டத்தைப் பற்றி. பறவை பறக்காத, பாடாத பண்டத்தைப் பற்றி.

ஆங்கிலேயர் அதனைப் 'பை' என்பர். எங்கள் மொழியில் பை என்றால் வேறு. ஆயினும் பொருள் பொருந்தாமலில்லை. அதுவும் மாவினால் செய்த பைதான். நான் மரக்கறி உண்பவன். பட்டப்படிப்பில் தமிழோடு ஆங்கில இலக்கியத்தையும் ஒரு பாடமாகப் படித்தபோது, சோசரின் கவிதைக்குள் இந்தப் பண்டம் அடிக்கடி வந்து நின்றது. அது எப்படிச் செய்யப்பட்டது என்று தெரியாமல் அக்கவிதையின் கேலி எனக்கு விளங்கவில்லை. ஆகவே தேடிப் படித்தேன். படிப்பதால் விரதம் முறிவதில்லை.

1390ஆம் ஆண்டளவில், இரண்டாம் றிச்சர்ட் மன்னனின் தலைமைச் சமையற்காரர் தொகுத்த நூலுக்கு 'போர்ம் ஒவ் கியூரி' என்று பெயர். 'கியூரி' என்ற சொல்லைக் கண்டதும் நம்மவர் சிலருக்குக் கறியின் ஞாபகம் வரும். இரண்டுக்கும் தொடர்பில்லை. பிரெஞ்சு மொழியில் சமைத்தல் என்று பொருள்படும் சொல்லின் வழி வந்தது அது. அதே காலத்தில் பாரிஸ் நகரத்து வயோதிபக் கனவான் ஒருவர் தம் இளம் மனைவிக்காக இல்லற நூலொன்று எழுதினார். கோழிக்குஞ்சை மாவுக்குள் வைக்கும் முறை அதில் இருக்கிறது. குஞ்சை மல்லாக்காகக் கிடத்தி, நெஞ்சின்மேல் அகலமான பன்றிக் கொழுப்புத் துண்டுகளைப் பரப்பி, மாவால் மூடிச் சுடு என்கிறார். லொம்பார்டியர் முறை வேண்டுமாயின், அடித்த முட்டையோடு பழுக்காத திராட்சையின் புளிச்சாறும் பொடித்த வாசனைத் திரவியமும் கலந்து, குஞ்சை முதலில் அதில் தோய்த்தெடுக்க வேண்டும். அளவு, நேரம் எதுவும் இல்லை. செய்து பழகிய கைக்கு எழுதியது போலும்.

ஏன் இந்தக் கொழுப்பு, ஏன் இந்த மூடி? சிறு பறவையின் நெஞ்சிலே சதை மெலிது, கொழுப்பு அரிது. காலும் தொடையும் வேகுமுன் நெஞ்சு காய்ந்து நாராகிவிடும். மேலிருக்கும் கொழுப்பு உருகி அதனை நனைத்துக்கொண்டிருக்கும். மாக்கூடு ஆவியை வெளியே விடாது. அக்காலப் போறணை உள்ளே விறகெரித்துத் தணலை வாரியெடுத்த பின், சுவரில் தங்கிய சூட்டினாலேயே வேகவைப்பது. அந்த முரட்டுச் சூட்டிலிருந்து இறைச்சியைக் காப்பதற்கு மாக்கூடு சட்டியின் வேலையைச் செய்தது. எங்கள் பேக்கரிப் பற்றிஸின் மெல்லிய மாவை நினைத்துக்கொண்டு இதனைக் கற்பனை செய்யக் கூடாது. தடித்துச் சுவர்போல் நிற்கும் மா அது.

அந்த வாசனைத் திரவியப் பொடிக்குள் எங்கள் நாடும் இருந்தது. மிளகு மலபாரிலிருந்தும் நல்ல கறுவா இலங்கையிலிருந்தும் போயின. எகிப்தின் வழியாக வெனிசு வணிகர் கைக்கு வந்து, ஐரோப்பா எங்கும் பரவின. 1283இல் யாப்பகூவாவிலிருந்து ஆண்ட முதலாம் புவனேகபாகு, கெய்ரோவிலிருந்த சுல்தானுக்குத் தூதனுப்பினான். தன்னிடமுள்ள வணிகப் பொருள்களாக அவன் எடுத்துச் சொன்னவற்றுள் கறுவாவும் ஒன்று.

மாக்கூட்டுக்கு அன்று வழங்கிய ஆங்கிலச் சொல் 'கொஃபின்'. கூடை என்னும் பொருளுடைய கிரேக்கச் சொல்லின் வழி வந்தது. பிணப்பெட்டி என்ற பொருள் 16ஆம் நூற்றாண்டிலேதான் ஏறியது. சேக்ஸ்பியர் தம் 'டைட்டஸ் அன்றோனிக்கஸ்' நாடகத்தில் இரண்டு பொருளையும் ஒருசேரப் பிடித்துக்கொண்டார். தன் மகளைச் சீரழித்தவர்களைக் கொன்று, அவர்களின் எலும்பை மாவாக்கி, அவர்களின் தாய்க்கே விருந்து வைக்கும் டைட்டஸ் அந்தச் சொல்லைச் சொல்லும்போது, கேட்பவர் காதில் சமையலறையும் சுடலையும் ஒன்றாக ஒலிக்கும். சமையல் தெரியாத வாசகன் அதிலே பாதியைத்தான் கேட்பான்.

அரண்மனையை விட்டுத் தெருவுக்கு வருவோம். 1378இல் லண்டன் நகரசபை சமையற் கடைகளுக்கு விலை நிர்ணயம் செய்தது. மாவுக்குள் சுட்ட நல்ல கொழுத்த சேவல் 8 பென்ஸ், பேடு 5 பென்ஸ். வாட்டிய வானம்பாடிகள் ஐந்து ஒன்றரைப் பென்ஸ். அந்தப் பட்டியலிலே என்னைக் கவர்ந்தது வேறொரு வரி. வாடிக்கையாளர் தாமே சேவலைக் கொண்டுவந்தால் மா, நெருப்பு, சிரமம் ஆகிய மூன்றுக்கும் சேர்த்து ஒன்றரைப் பென்ஸ். பெரும்பாலான வீடுகளில் போறணை கிடையாது. பறவை கையிலிருந்தாலும் நெருப்பை விலைக்கு வாங்க வேண்டியிருந்தது. சிரமத்துக்கும் கூலி உண்டென்று எழுதிவைத்த அந்த எழுத்தரை எனக்குப் பிடித்திருக்கிறது.

மூடிய பண்டத்தை நம்பித்தான் வாங்க வேண்டும். அடுத்த ஆண்டே, ஒவ்வாத கழிவிறைச்சியையும் சில வேளை நாறிய இறைச்சியையும் மாவுக்குள் மறைத்து மக்களை ஏமாற்றுகிறார்கள் என்று அதே நகரசபை கடைக்காரருக்குத் தடைவிதித்தது. 'கன்ரபரிக் கதைகள்' நூலில் வரும் சமையற்காரனை இந்தப் பின்னணியில்தான் நோக்க வேண்டும். அவன் வாட்டுவான், அவிப்பான், பொரிப்பான், மாவுக்குள் சுடுவான், எல்லாவற்றிலும் கெட்டிக்காரன். ஆனால் அவன் முழங்காலுக்குக் கீழே ஆறாத புண் ஒன்று உண்டென்று சொல்லிவிட்டு, மூச்சு விடாமல் அவனுடைய வெண்ணிறப் பாற்பண்டத்தைப் புகழ்கிறார் சோசர். பின்னொரு கட்டத்தில் விடுதிக்காரன் அவனைப் பார்த்து, பண்டத்தின் சாற்றை வடித்தவன் நீ, இருமுறை சூடாக்கி இருமுறை ஆறியதை விற்றவன் நீ, உன் கடையிலே ஈ பறக்கிறது என்கிறான். விளையாட்டுத்தான், கோபிக்காதே என்றும் சேர்த்துக்கொள்கிறான். கேட்டிருந்த லண்டன்வாசிகள் யார் யாருடைய கடையை நினைத்துச் சிரித்தார்களோ!

அந்த விலைப்பட்டியல் வந்த ஆண்டில் சோசர் லண்டனில் ஆல்ட்கேற் வாயிலின் மேல்மாடியில் குடியிருந்தார். 1374 முதல் 1386 வரை அவருடைய வீடு அது. 'பறவைகளின் பாராளுமன்றம்' என்ற காவியமும் அவருடையதே. அதில் இயற்கை அன்னையின் முன்னே பறவைகள் எல்லாம் துணை தேடிக் கூடுகின்றன. வாத்தும் குயிலும் வழக்காடுகின்றன. விலைப்பட்டியலிலே மூன்று 2 பென்ஸுக்குப் போன திரஷ் பறவை அங்கே முதியவராக வந்திருக்கிறது. காடையும் வானம்பாடியும் மட்டும் வேறு விதமாக வருகின்றன. சிறு பருந்தைக் காடையின் பகைவன் என்று சொல்கிறார். மற்றொரு வல்லூறு வானம்பாடியைத் தேடித் திரிகிறது என்கிறார். இரையாகத்தான் அவற்றின் பெயர் வருகிறது. 'வீரனின் கதை'யில் பொழுது விடிவதை அறிவிக்க அதே வானம்பாடியை அழைத்தவரும் இவரே. கடைத்தெருவில் அதன் விலை அவருக்குத் தெரியாதிருக்க முடியாது. இரண்டையும் தெரிந்துகொண்டு எழுதியதனால்தான் அவருடைய பறவைகள் வெறும் அலங்காரமாகாமல் இருக்கின்றன என்பது என் எண்ணம். பறவையைப் பூசிக்கவுமில்லை, அதன் உயிரை மறக்கவுமில்லை. மரக்கறிக்காரனான எனக்கு அந்த நேர்மை போதும்.

இன்று வானம்பாடி பிரித்தானியாவில் 1981ஆம் ஆண்டுச் சட்டத்தின் பாதுகாப்பில் இருக்கிறது. பழைய முறையில் இப்பண்டத்தைச் செய்துபார்க்க விரும்புவோர் பண்ணையில் வளர்த்த காடையை வாங்குகிறார்கள். நெஞ்சின்மேல் கொழுப்பை வைத்து, மாவை மூடி, ஏறத்தாழ முக்கால் மணிநேரம் போறணையில் விடுகிறார்கள்.