மேகத்திற்கு ஒளி தரும் பிள்ளைகள்



மார்கழி, தை மாதங்களில் இஷா தொழுது வெளியே வரும்போது கிழக்கு வானை நோக்குங்கள். ஒரே வரிசையில் மூன்று விண்மீன்களைக் காண்பீர்கள். அரபு மக்கள் ‘அல்-ஜவ்ஸா’ என்றழைத்த ஓரியன் மண்டலம் அது. அம்மூன்றுக்கும் சற்றுத் தெற்கே, புகை படிந்தாற்போல் ஒரு மங்கிய புள்ளி தெரியும்.

அது விண்மீன்கள் பிறக்கும் மாபெரும் வாயு மேகம். ஏறத்தாழ 1,300 ஒளியாண்டு தொலைவில் உள்ளது. தாபியீன்களின் காலத்தில் புறப்பட்ட ஒளியே இன்றிரவு நம் கண்களை அடைகிறது! அதன் நடுவே இளம் விண்மீன் கூட்டமொன்று உண்டு. நம் சூரியனின் வயது சுமார் 460 கோடி ஆண்டுகள். அவற்றின் வயதோ சுமார் 10 இலட்சம் ஆண்டுகளே.

சிந்தியுங்கள்! அம்மேகம் தானாக ஒளிர்வதில்லை. தன்னுள் பிறந்த அவ்விளம் விண்மீன்களின் ஒளியாலேயே அது நம் பார்வைக்குத் தெரிகிறது. பெற்றோரும் அவ்வாறே.

நம் வாணியம்பாடிக்கு அருகே, ஜவ்வாது மலையிலுள்ள காவலூரில் 1986-இல் திறக்கப்பட்ட 2.34 மீட்டர் தொலைநோக்கி இருக்கிறது. எங்கெங்கிருந்தோ ஆய்வாளர்கள் அங்கே வருகிறார்கள். நம் வீட்டுப் பிள்ளை அங்கே செல்ல வேண்டாமா? உழைப்பு இழிவன்று, ஆனால், படிக்கும் பிள்ளையைப் பாதியில் நிறுத்தி டேனரிக்கு அனுப்புவது, ஏற்ற வேண்டிய விளக்கை நாமே அணைப்பதாகும்.

நம் மக்களைக் குடும்பத்திற்கும் ஊருக்கும் ஒளியாக்க வல்ல அல்லாஹ் அருள்புரிவானாக! ஆமீன்.