கோழியாளத்துப் பிள்ளை

(பழைய மாணவர் சங்க ஆண்டுச் சந்திப்பில் ஆற்றிய உரை)



மாமல்லபுரத்துக் கடற்காற்றை வாங்கிக்கிட்டு பழைய கதை பேசலாம்னு வந்தவனைப் பிடித்து, "நம்ம மாவட்டத்து அரசியல் தலைவர் ஒருத்தரைப் பத்திப் பத்து நிமிஷம் பேசுங்க" என்று செயலாளர் சொல்லிவிட்டார். பழைய செங்கல்பட்டு மாவட்டத்துக்குத் தலைவர்களில் குறைச்சல் இல்லை. அண்ணா காஞ்சிபுரம், பக்தவத்சலம் நசரத்பேட்டை. இரண்டு முதலமைச்சர்களையும் உங்களுக்குத் தெரியும். நான் மதுராந்தகம் பக்கம் கோழியாளத்தில் பிறந்த ஒருவரைப் பற்றிச் சொல்கிறேன். அவர் திவான் பகதூர் இரட்டைமலை சீனிவாசன்.

சட்டசபையில் என்ன செய்தார் என்பதற்கு முன்னால், அவர் மாணவராக இருந்த கதையைச் சொல்ல வேண்டும். கோயம்புத்தூரில் படித்தார். சுமார் 400 மாணவர்களில் பத்துப் பேர் தவிர மற்றவர்கள் எல்லாம் பிராமணப் பிள்ளைகள் என்று தன் வரலாற்றுச் சுருக்கத்தில் எழுதியிருக்கிறார். யாரோடாவது பழகினால் சாதியும் இருப்பிடமும் தெரிந்துவிடுமே என்று அவருக்குப் பயம். அதனால் வெளியே எங்கேயாவது உட்கார்ந்து படித்துக்கொண்டிருப்பார். மணி அடித்த பிறகுதான் வகுப்புக்குள் போவார். வகுப்பு முடிந்ததும் யாரும் கிட்டே வருவதற்குள் விறுவிறுவென்று வீட்டுக்கு நடந்துவிடுவார். விளையாட்டு கிடையாது, சிநேகிதம் கிடையாது.

அப்படி ஒளிந்து படித்த பிள்ளை, 1893-ல் சென்னையில் ஒரு பத்திரிகை தொடங்கினார். அதற்கு வைத்த பெயர் 'பறையன்'. எதை மறைத்துக்கொண்டு படித்தாரோ, அதையே தலைப்பில் அச்சடித்துக் கடைக்கு அனுப்பினார். மாதப் பத்திரிகையாகத் தொடங்கியது, வாரப் பத்திரிகையானது.

1900-ல் கப்பல் ஏறி ஆப்பிரிக்கா போனார். அங்கே நீதிமன்றத்தில் மொழிபெயர்ப்பாளர் வேலை. காந்தியடிகளோடும் பழக்கம் உண்டு. இருபது வருஷம் கழித்து, அறுபது வயதில் ஊர் திரும்பினார். நம்மில் பலர் ரிட்டையர் ஆகி ஈஸிசேர் வாங்குகிற வயசு! அவருக்கு அப்போதுதான் சட்டசபை வாழ்க்கையே ஆரம்பம். 1923-ல் சென்னை சட்டசபைக்கு நியமிக்கப்பட்டார்.

அடுத்த வருஷம், 1924-ல், ஒரு தீர்மானம் கொண்டுவந்தார். பொதுச் சாலை, தெரு, கிணறு, குளம், அலுவலகம் ஆகிய இடங்களில் எந்த வகுப்பாரும் தடையில்லாமல் நடமாடலாம், பயன்படுத்தலாம் என்பதே அதன் சாரம். தீர்மானம் நிறைவேறியது, அரசாணையும் வந்தது. இன்றைக்குப் படித்தால் 'இதுக்கு ஒரு தீர்மானமா?' என்று தோன்றும். தெருவில் நடப்பதற்கே தீர்மானம் போட வேண்டியிருந்த நாடு இது, தம்பிகளே.

1930-ல் லண்டன் வட்டமேஜை மாநாட்டுக்கு டாக்டர் அம்பேத்கரோடு போனார். 1932 பூனா ஒப்பந்தத்தில் அவர் கையெழுத்தும் இருக்கிறது. 1945 செப்டம்பர் 18-ல் காலமானார்.

ஆனால் ஆணை வந்துவிட்டால் எல்லாம் முடிந்ததா? இதே செங்கல்பட்டில் கலெக்டராக இருந்த திரமென்ஹீர் என்ற வெள்ளைக்காரர், ஒடுக்கப்பட்ட மக்களுக்கு நிலம் இல்லாததுதான் அடிப்படைக் குறை என்று அறிக்கை கொடுத்தார். அதன் பேரில் 1892-ல் பஞ்சமி நில ஆணை வந்தது. அந்த நிலத்தை வேறு வகுப்பார் வாங்க முடியாது என்பது நிபந்தனை. ஆனாலும் நிலம் கை மாறியது. நாம் உட்கார்ந்திருக்கிற இந்த மாமல்லபுரத்துக்குப் பக்கத்தில்தான் காரணை. அங்கே பஞ்சமி நிலத்தைத் திரும்பக் கேட்ட போராட்டத்தில், 1994 அக்டோபரில் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் இருவர் உயிர் விட்டார்கள். ஆணை வந்து நூற்றிரண்டு வருஷம் கழித்து!

கடைசியாக ஒன்று. இதைச் சொல்லத்தான் இந்தப் பேச்சுக்கே ஒப்புக்கொண்டேன். நான் படித்தபோது எங்கள் வகுப்பில் ஒரு நண்பன். எந்த ஊர் என்று கேட்டால், "செங்கல்பட்டு பக்கம்" என்பான், அதோடு சரி. ஒரு நாள் சாப்பிடும்போது பத்துப் பேர் நடுவில் கேட்டேன்: "பக்கம்னா எந்தப் பக்கம்டா? ஊரா, காலனியா?" எல்லோரும் சிரித்தார்கள். அவன் பதில் சொல்லவில்லை. தட்டை எடுத்துக்கொண்டு எழுந்து போனான். படிப்பு முடிகிற வரைக்கும் எங்களோடு உட்கார்ந்து சாப்பிடவே இல்லை.

விளையாட்டாகக் கேட்டேன் என்று ரொம்ப நாள் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். இரட்டைமலையாரின் கோயம்புத்தூர் நாட்களைப் படித்த பிறகுதான், மணி அடிக்கிற வரை அந்தப் பிள்ளையை வெளியே நிற்க வைத்தது என்னைப் போன்றவர்களின் கேள்விதான் என்று உறைத்தது. நண்பன் இந்தச் சந்திப்புகளுக்கு வருவதில்லை. மலர் மட்டும் தபாலில் போகிறது. அவன் கண்ணில் இது படட்டும்: டேய், நான் கேட்டது தப்பு. மன்னித்துவிடு. அடுத்த வருஷம் வா, சேர்ந்து சாப்பிடலாம்.

தம்பி தங்கைகளே, தெருவைத் திறக்க அவர் தீர்மானம் கொண்டுவந்தார். நம் சாப்பாட்டு மேஜையைத் திறக்க எந்தச் சட்டசபையும் வராது. அது நம் வேலை.