திருக்கோணமலை என்ற கப்பல்

(மன்றத்தின் ஆண்டுக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



கப்பல் கட்டுதலைப் பற்றித் தம்புள்ளையில் நின்று பேசுவதா என்று உங்களிற் சிலர் தமக்குள் நகைக்கக்கூடும். இங்கே கண்ணுக்கு எட்டிய தூரம் மலையும் காடும் குளமுமே. ஆனால் நமது சந்தியில் வடகிழக்கே போகும் பஸ்ஸில் ஏறினால், ஹபரணை, கந்தளாய் கடந்து, ஏறக்குறைய 65 மைலில் திருக்கோணமலைத் துறைமுகம் வந்துவிடுகிறது. இங்கிருந்து மரக்கறி போகிறது. அங்கிருந்து மீன் வருகிறது. கோணேசரை வணங்கவும் போகிறோம். அந்த ஊரின் பெயரைத் தாங்கிய ஒரு மரக்கப்பல், இங்கிலாந்தின் வடகிழக்குக் கரையில் ஹாட்டில்பூல் என்ற பட்டினத்தில் இன்றும் தண்ணீரில் மிதந்து கொண்டிருக்கிறது. அது கடலில் இறங்கியது 1817ஆம் ஆண்டில். பிரித்தானியப் போர்க்கப்பல்களில் இன்றும் மிதந்து நிற்பவற்றுள் மிகப் பழையது அதுவே. அதைக் கட்டியவர்கள் ஆங்கிலேயர் அல்லர். கட்டிய இடமும் இங்கிலாந்து அன்று. அந்தக் கதையைத்தான் இன்றைக்குச் சொல்ல வந்தேன்.

பத்தொன்பதாம் நூற்றாண்டு பிறந்தபோது இங்கிலாந்து நெப்போலியனோடு பெரும் போரில் இருந்தது. போரை நடத்தியது கடற்படை. கடற்படையைத் தாங்கியது ஓக் மரம். 74 பீரங்கிகள் ஏற்றும் ஒரு பெரிய போர்க்கப்பலுக்கு ஏறத்தாழ 2,000 ஓக் மரங்கள் வேண்டும். ஓக் மரம் முற்ற நூறு ஆண்டு செல்லும். காடு தேய்ந்தது. அவசரத்தில் காயாத மரத்தை அறுத்துக் கட்டினார்கள், கப்பல் உளுத்தது. 1810இல் வெள்ளோட்டம் விட்ட குயீன் சார்லட் என்ற பெருங்கப்பல், கடலுக்குப் புறப்படுமுன்னரே பலகைகள் மக்கி, மீண்டும் பெருஞ்செலவில் திருத்தப்பட வேண்டியதாயிற்று. இந்த நிலையில்தான் அவர்கள் கண் பம்பாய்ப் பக்கம் திரும்பியது.

பம்பாயில் தேக்குக்குக் குறைவில்லை. தேக்கின் பெருமை வீட்டுக் கதவு செய்தவர்களுக்குத் தெரியும்; கடலில் அது இன்னும் பெரிது. ஓக் மரத்திலுள்ள துவர்ச்சத்து இரும்பாணியை அரித்துவிடும். தேக்கில் ஊறிய எண்ணெயோ ஆணியைக் காக்கும். கறையான் எளிதில் அண்டாது. நனைந்தும் காய்ந்தும் வந்தாலும் அதிகம் வெடிக்காது. ஓக்கினால் ஆன கப்பல் சில ஆண்டுகளில் பழுது பார்க்க வரும். தேக்குக் கப்பல் இரு தலைமுறை உழைக்கும்.

ஆனால் மரம் மட்டும் இருந்தால் கப்பல் ஆகிவிடுமா? கை வேண்டும். அந்தக் கை வாடியா குடும்பத்தினருடையது. இவர்கள் பார்சிகள். சூரத்திலே கப்பல் தச்சராயிருந்த லவ்ஜி நசர்வான்ஜி வாடியா என்பவரை 1736இல் கிழக்கிந்தியக் கும்பனியார் பம்பாய்க்கு அழைத்து வந்தனர். 1750இல் அங்கே ஓர் உலர்துறை, அதாவது கொழும்பில் நாம் டொக் என்கிறோமே அது, கட்டி முடிந்தது. ஆசியாவில் அவ்வகையில் அதுவே முதலாவது. லவ்ஜிக்குப் பின் மகன், பேரன் என்று தலைமை ஓடாவிப் பதவி அந்தக் குடும்பத்திலேயே நூறாண்டுக்கு மேல் நின்றது. பேரன்மாரில் ஒருவரே ஜம்சேட்ஜி பொமன்ஜி வாடியா. 1754இல் பிறந்து 1821இல் மறைந்தவர்.

1810இல் இவர் மிண்டன் என்ற 74 பீரங்கிக் கப்பலைக் கட்டிக் கொடுத்தார். பிரித்தானிய அரசரின் கடற்படைக்காக இங்கிலாந்துக்கு வெளியே கட்டப்பட்ட அத்தகைய முதற் பெருங்கப்பல் அது. 1813இல் கோர்ண்வாலிஸ், 1815இல் வெலஸ்லி. கோர்ண்வாலிஸ் கப்பலின் தளத்தில்தான் 1842இல் சீனரோடு நான்கிங் உடன்படிக்கை ஒப்பமாகி, ஹொங்கொங் ஆங்கிலேயர் வசமாயிற்று. வெலஸ்லியோ 1940இலும் தேம்ஸ் நதியில் பயிற்சிக் கப்பலாய் நின்றது. ஜெர்மன் விமானக் குண்டினாலே மூழ்கிற்று. பாய்மரக் காலத்துக் கப்பலை மூழ்கடிக்க ஆகாய விமானம் வர வேண்டியிருந்தது! ஜம்சேட்ஜியைப் பற்றி ஒரு கதையும் சொல்வார்கள். தான் கட்டிய ஒரு கப்பலின் அடிச்சட்டத்தில், எவர் கண்ணிலும் படாத இடத்தில், இதைக் கட்டியவன் ஒரு கறுப்பன் என்று, வெள்ளையர் தம்மவரை ஏசும் வசைச்சொல்லையும் சேர்த்தே செதுக்கி வைத்தாராம். பல ஆண்டு கழித்துப் பழுது பார்க்கும்போது அது வெளிப்பட்டதாம். கதை முழுதும் மெய்யோ அன்றோ, அந்த மனிதரின் நெஞ்சில் இருந்தது என்ன என்பதை அது காட்டுகிறது.

இனி நமது கப்பலுக்கு வருவோம். 1782ஆம் ஆண்டு செப்டெம்பர் 3ஆம் திகதி திருக்கோணமலைக்கு வெளியே பிரெஞ்சுத் தளபதி சுப்ரெனும் ஆங்கிலத் தளபதி ஹியூஸும் பொருதனர். அந்தப் போரின் பெயரே கப்பலுக்கு வைக்கப்பட்டது என்பர். 1812இல் கட்டளை பிறந்தது. பம்பாய்க்கு வரைபடங்களைக் கொண்டு வந்த ஜாவா என்ற கப்பலை, அவ்வாண்டு டிசெம்பரில் பிரேசில் கரைக்கப்பால் அமெரிக்கரின் கொன்ஸ்டிடியூஷன் கப்பல் மடக்கி அழித்தது. படங்களும் போயின. வேறு படங்கள் வந்து சேர நாள் சென்றது. 1816இல்தான் ஏராக்கட்டை வைத்தார்கள். அப்போது வெள்ளியினால் ஆன ஓர் ஆணியை ஏராவில் அறைவது வாடியாக்களின் வழக்கம். நாம் வீட்டுக்கு நிலை வைக்கும்போது செய்வதை நினைத்துக் கொள்ளுங்கள். தொழில் செய்வோர் மனம் எங்கும் ஒன்றுதான்.

ஏரா வைத்த பின் வங்குகள் எழும்பும். வங்குகளின் மேல் பலகை ஏறும். பம்பாயில் பலகையை வெறுமனே ஓரத்தோடு ஓரம் ஒட்டி வைப்பதில்லை. ஓரத்தில் படிபோல வெட்டி, ஒன்றன்மேல் ஒன்று படியும்படி பொருத்துவர். கலப்பத்துக்காரர் இடுக்குகளில் பஞ்சும் குங்கிலியமும் அடைப்பர். அடியில் கடற்புழு துளைக்காதபடி செப்புத் தகடு. இப்படி 150 அடிக்குச் சற்று மேற்பட்ட நீளமும் ஏறக்குறைய 40 அடி அகலமுமாக, 38 பீரங்கித் தரத்தில், பிரிகேட் என்னும் விரைவுப் போர்க்கப்பலாய் அது எழுந்தது. செலவு ஏறக்குறைய 23,000 பவுண். 1817ஆம் ஆண்டு ஒக்டோபர் 12ஆம் திகதி கடலில் இறங்கியது.

அதற்குள் போர் முடிந்து போயிற்று. இங்கிலாந்துக்குப் போகும் வழியில் 1819 ஜனவரியில் சென் ஹெலனாத் தீவில் தங்கிற்று. எந்த மனிதரை எதிர்க்கக் கப்பல் கேட்டார்களோ அந்த நெப்போலியன் அங்கே கைதியாய் இருந்தார். போட்ஸ்மத் சேர்ந்ததும் பாயைக் கழற்றிக் கூரையிட்டுக் கட்டி வைத்துவிட்டார்கள். ஏறக்குறைய கால் நூற்றாண்டு அப்படியே கிடந்தது.

இவ்வளவும் கேட்கும்போது நம்மவர் பெருமை என்று நெஞ்சு நிமிர்கிறது. நிமிரட்டும். ஆனால் அந்தத் தேக்கு எங்கிருந்து வந்தது என்பதையும் கேட்க வேண்டும். மலையாளக் காடுகளிலிருந்து வந்தது. யானை இழுத்து, ஆற்றில் மிதக்க விட்டு, பேப்பூர் போன்ற கழிமுகங்களில் சேர்த்து, கடல் வழியே பம்பாய்க்குப் போனது. அந்தக் காட்டு மரங்களை அதுவரை நிலத்துக்குடையவர்களும் மர வியாபாரிகளும் வெட்டி விற்று வந்தனர். 1806இல் கும்பனியார் கப்டன் வாட்சன் என்பவரைக் காட்டுக் காப்பாளராக நியமித்தனர். அடுத்த ஆண்டு தேக்கின் மீது உரிமை அரசுக்கே என்று பிரசித்தம் செய்தனர். தன் நிலத்தில் நிற்கும் மரத்தைத் தான் வெட்டினால் குற்றம் என்றாயிற்று. வியாபாரிகள் நொடிந்தனர். உழவர்கள் தம் தேவைக்கு மரம் எடுக்கவும் தடை வந்தது. முறையீடுகள் பெருகிச் சென்னைக் கவர்னர் தோமஸ் மன்றோ 1823இல் அந்த ஏற்பாட்டை ஒழித்தார். பின்னர் வெட்டிய காட்டை ஈடு செய்ய 1840களில் நிலம்பூரில் கலெக்டர் கொனொலி தேக்கு நடுவித்தார். நின்று நட்டு வளர்த்தவர் சாத்து மேனன். ஓர் அழகான கப்பலைப் பார்க்கும்போது ஓடாவியின் கையைக் காண்பது எளிது. காட்டைப் பறிகொடுத்தவன் அதில் தெரிவதில்லை.

போர்க்கப்பலின் கதை இது. வியாபாரக் கப்பலின் கதை இன்னும் கசப்பானது. கல்கத்தாவில் ஹூக்ளி நதிக் கரையில் பர்மாத் தேக்கைக் கொண்டும் வங்கத்துச் சால மரத்தைக் கொண்டும் நிறையக் கப்பல்கள் கட்டினர். கல்கத்தாத் துறையில் இந்தியாவிலே கட்டிய கப்பல்கள் 10,000 தொன் அளவுக்கு நிற்கின்றன என்று 1800இல் கவர்னர் ஜெனரல் வெலஸ்லி பிரபு எழுதினார். அவை சரக்கோடு லண்டனுக்குப் போனபோது தேம்ஸ் நதிக் கப்பல்காரர் தம் பிழைப்புப் போகிறதென்று கூக்குரலிட்டனர். சட்டங்கள் பிறந்தன. 1823ஆம் ஆண்டுச் சட்டம் லஸ்கர் என்ற நம் நாட்டு மாலுமிகளைப் பிரித்தானிய மாலுமிகளாகக் கணக்கிடலாகாது என்றது. அவர்கள் பிரித்தானிய அரசரின் குடிகளாய்ப் பிறந்திருந்தாலும் அப்படியே. மாலுமியைக் கணக்கில் கொள்ளாதபோது, அவன் ஓட்டும் கப்பலுக்கு அந்நாட்டுக் கப்பலுக்குரிய சலுகை எப்படிக் கிட்டும்?

நமது கப்பல் தொழிலை ஆங்கிலேயன் சட்டத்தினால் கொன்றான் என்று மேடைகளில் சொல்வதுண்டு. எனக்கு அது பாதி உண்மையாகவே தோன்றுகிறது. சட்டம் வியாபாரிக்கும் மாலுமிக்கும் கேடு செய்தது, மறுப்பதற்கில்லை. ஆனால் கடற்படைக்கோ பம்பாய்க் கப்பல் வேண்டியே இருந்தது. 1824இல் இறங்கிய ஆசியா என்ற கப்பல் மூன்றாண்டில் நவரினோப் போரில் தளபதியின் கொடிக்கப்பலாய் நின்றது. மரக்கப்பலை முடித்து வைத்தது நீராவியும் இரும்புமே. இதை வாடியாக்கள் முன்கூட்டியே கண்டார்கள். குடும்பத்து இளைஞர் இருவர் 1838இல் இங்கிலாந்து சென்று கப்பற் கலை பயின்றனர். ஆர்தசீர் கர்செட்ஜி நீராவி இயந்திரத்தில் தேர்ந்து, 1841இல் லண்டன் ரோயல் சொசைட்டியின் அங்கத்தவரானார்; இந்தியரில் அவரே முதல்வர். ஆனால் இயந்திரமும் இரும்பும் வர வேண்டியது இங்கிலாந்திலிருந்து. அறிவு இருந்தும் உலைக்களம் கையில் இல்லை.

நம் தீவில் என்ன நடந்தது என்று கேட்பீர்கள். தேக்கு நமது காட்டு மரமன்று. கொண்டு வந்து நட்டது. ஆனால் நம் வறண்ட வலயத்துக் காட்டில் சாவண்டலை உண்டு. சிங்களத்தில் ஹல்மில்ல என்பார்கள். அதற்கு வியாபாரத்தில் திருக்கோணமலை மரம் என்றே பெயர். வளைந்து கொடுக்கும், முறியாது. சென்னைக் கரையில் துறைமுகம் இல்லாத காலத்தில், கொந்தளிக்கும் அலையைத் தாண்டி ஆளையும் சரக்கையும் கரை சேர்த்த மசூலாப் படகுகளுக்கு அந்த மரம் இங்கிருந்து போனது. ஆணியே இல்லாமல் கயிற்றால் தைத்த படகுகள் அவை. வடக்கே வல்வெட்டித்துறையிலும் தொண்டைமானாற்றிலும் ஊர்காவற்றுறையிலும் ஓடாவிமார் இருபதாம் நூற்றாண்டு வரை பாய்க்கப்பல் கட்டினர். வேப்ப மரத்தில் கட்டிய அன்னபூரணி என்ற வல்வைக் கப்பலை அமெரிக்கரான றொபின்சன் வாங்கினார். 89 அடிக் கப்பல். வல்வை மாலுமிகளே அதைச் செலுத்தி 1938இல் அமெரிக்காவின் குளொஸ்டர் துறையில் சேர்த்தனர். போர்க்கப்பலைப் பற்றி இவ்வளவு நேரம் பேசிய எனக்கு, உள்ளதைச் சொன்னால், இந்தச் சிறிய கப்பலிடமே பிரியம் அதிகம். அதைக் கட்ட எவருடைய கட்டளையும் வரவில்லை.

திருக்கோணமலைக் கப்பலுக்குப் பின்னர் என்ன ஆயிற்று? 1847இல் அதைத் திரும்பக் கடலுக்கு அனுப்பினர். மேற்கிந்தியத் தீவுகளிலும் பசிபிக் கடலிலும் பத்தாண்டு ஓடியது. பிறகு மாலுமிகளுக்குப் பயிற்சிக் கப்பலாய் நின்று, 1897இல் உடைப்பதற்கு விற்கப்பட்டது. கொப் என்ற ஒரு செல்வர் அதை வாங்கிப் பூட்றோயன்ட் என்று பெயர் மாற்றி, சிறுவர்க்குக் கடற்பயிற்சி அளிக்கச் செய்தார். அந்தப் பணி 1986 வரை நடந்தது. 1987இல் ஹாட்டில்பூல் கொண்டு சென்றனர். 1992இல் பழைய பெயரைத் திருப்பிக் கொடுத்தனர். திருத்த வேலை 2001இல் முடிந்தது. கப்பலின் உடம்பில் பாதிக்கு மேல் இன்றும் பம்பாயில் வைத்த மரமே. இங்கிலாந்துக்குப் படிக்கவோ வேலைக்கோ போகும் நம் பிள்ளைகள் கட்டணம் கொடுத்து ஏறிப் பார்க்கலாம். மேல்தளத்தோடு நின்றுவிடாமல் கீழே இறங்கி, வங்குகளைக் கையால் தொட்டுப் பாருங்கள்.