மெட்டுப் போட்டவர்



மெட்டுக்குப் பாட்டா, பாட்டுக்கு மெட்டா என்று திரையிசையைப் பற்றி நாம் ஓயாமல் பேசுவோம். அமெரிக்காவின் பழைய தேசபக்திப் பாட்டான 'ஹெயில் கொலம்பியா' மெட்டுக்கு எழுதிய பாட்டுதான். அந்த மெட்டைத் தந்தவர் ஜெர்மனியிலிருந்து வந்து குடியேறிய பிலிப் ஃபைல்.

1789 ஏப்ரல் 21. ஜார்ஜ் வாஷிங்டன் பதவியேற்க நியூயார்க் போகிற வழியில், நம் நியூ ஜெர்சியின் டிரெண்டன் நகரத்துப் பாலத்தில் பெண்கள் அலங்கார வளைவு கட்டி, பூத்தூவிப் பாடி அவரை வரவேற்றார்கள். பின்னாளில் இந்தப் பாட்டின் மெட்டான ஃபைலின் அணிநடை இசை அன்று அங்கே முழங்கியதாக ஒரு கதை வெகுகாலம் உலவியது. நான் அதை ஏற்கவில்லை. அன்று பெண்கள் பாடியது வேறு பாட்டு.

ஃபைல் பிலடெல்பியாவில் நாடகங்களுக்கு வயலின் வாசித்து, வாத்தியக் குழுவையும் நடத்தியவர். அவர் பெயரை ஆளுக்கொரு விதமாக எழுதினார்கள். 1793-ல் மஞ்சள் காய்ச்சல் அந்த நகரத்தைச் சூறையாடியது. அந்த ஆண்டே அவரும் இறந்துபோனார்.

ஐந்து வருடம் கழித்து, பிரான்சுடன் போர் மூளுமோ என்று ஊரே கொதித்துக்கொண்டிருந்தது. கில்பர்ட் ஃபாக்ஸ் என்ற நடிகருக்கு, வசூல் தனக்கே சேரும் நாடக இரவுக்குக் கூட்டம் சேரவேண்டும். எல்லாருக்கும் தெரிந்த ஃபைலின் மெட்டுக்கு வரிகள் கேட்டு, பள்ளித் தோழர் ஜோசப் ஹாப்கின்சனிடம் போனார். சுதந்திரப் பிரகடனத்தில் நியூ ஜெர்சி சார்பில் கையெழுத்திட்ட பிரான்சிஸ் ஹாப்கின்சனின் மகன் இவர். 1798 ஏப்ரல் 25 இரவு ஃபாக்ஸ் பாடினார். கொட்டகை அவரை விடவில்லை; திரும்பத் திரும்பப் பாடவைத்தது. அந்தக் கரவொலியைக் கேட்க ஃபைல் இல்லையே என்று நினைக்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு கனக்கிறது.

எழுதிய ஹாப்கின்சன் பின்னாளில் நீதிபதியானார், புகழோடு வாழ்ந்தார். மெட்டு யாருடையது என்பதிலோ நெடுங்காலம் சண்டை. ஆஸ்கர் சானெக் என்ற நூலகர் பழைய அச்சுப் பிரதிகளை அலசி, ஃபைல் பக்கம் தீர்ப்புச் சொன்னார்.

1931-ல் இன்றைய தேசிய கீதம் சட்டமாகும்வரை 'ஹெயில் கொலம்பியா'வும் கீதம்போலவே ஒலித்தது. இன்றும் துணை அதிபர் வரும்போது வாசிப்பது இதைத்தான். அடுத்த முறை தொலைக்காட்சியில் அதைக் கேட்டால், பக்கத்தில் இருக்கும் பிள்ளைகளிடம் பிலிப் ஃபைல் என்ற பெயரைச் சொல்லுங்கள்.