சந்திரலேகா: மேடையும் மண்ணும்



இயல், இசை, நாடகம் என மூன்றாகப் பகுப்பினும் அவற்றை ஒன்றாகவே கண்டது தமிழ் மரபு. சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதையில் ஆடலாசிரியனும் இசையாசிரியனும் கவிஞனும், அரங்கின் அளவும் விளக்கும் திரையும் ஒருசேர உரைக்கப்படுகின்றன. பின்னாளில் இவை தனித்தனித் துறைகளாயின. அப்பிரிவினைக்கு அடங்காது வாழ்ந்தவர் நடனக் கலைஞர் சந்திரலேகா.

இன்றைய மராட்டிய மாநிலத்து வாடா என்னும் ஊரில் 1928ஆம் ஆண்டு பிறந்த அவர், சட்டக் கல்வியை இடையில் விடுத்துச் சென்னைக்கு வந்து, காஞ்சிபுரம் எல்லப்ப பிள்ளையிடம் பரதம் பயின்றார். 1952இல் அவர்தம் அரங்கேற்றம் இராயலசீமை வறட்சி நிவாரண நிதிக்காக நடைபெற்றது. யமுனையின் நீர்ப்பெருக்கையும் மகளிரின் நீர்விளையாட்டையும் அபிநயித்துக்கொண்டிருந்தபோது, வெடித்த நிலமும் தண்ணீருக்காகக் காத்து நின்ற மக்களும் தம் கண்முன் தோன்றியதாகப் பிற்காலத்தில் அவர் நினைவுகூர்ந்தார். மண்ணில் இல்லாத நீரை மேடையில் பெருக்கிக் காட்டும் கலைக்கு என்ன பொருள்? நொய்யல் வறண்டு கிடந்த நாள்களைக் கண்ட இவ்வூர்ப் பெருமக்களுக்கு இவ்வினாவின் வலியை விளக்கிக் கூற வேண்டுவதில்லை.

இவ்வினா அவரை விட்டகலவில்லை. நடனத்தில் புகழ் பெற்றிருந்தும் மேடையினின்று அவர் நெடுங்காலம் விலகி நின்றார். கவிதை எழுதினார், சுவரொட்டிகளை வடிவமைத்தார், பெண்கள் இயக்கத்துக்கும் சுற்றுச்சூழல் இயக்கத்துக்கும் அக்கலையைப் பயன்படுத்தினார்.

1984இல் பம்பாயில் நிகழ்ந்த கிழக்கு மேற்கு நடனச் சந்திப்பின் வாயிலாக அவர் மீண்டும் அரங்குக்கு வந்தார். 1985இல் உருவான 'அங்கிகா'வில் பரதமும் யோகமும் களரிப்பயிற்றும் ஒன்றுகூடின. 12ஆம் நூற்றாண்டுப் பாஸ்கரரின் கணித நூலே 1989இல் 'லீலாவதி' என்னும் ஆடலாயிற்று. 2001இல் அமைந்த 'சரீரா'வில் குண்டேச்சா சகோதரர்களின் துருபத் இசை மெல்ல விரிய, அதனோடு உடலும் மெல்ல அசைந்தது. அரைமண்டியை வட்டமும் சதுரமும் முக்கோணமுமாகக் காணும் கண்ணைச் சுவரொட்டிப் பணியும் அவருக்குக் கூர்மையாக்கியிருக்க வேண்டும். ஓவியம், ஒலி, உடல் ஆகிய மூன்றும் அவர் படைப்பில் ஒன்றையொன்று தாங்கி நின்றன.

பக்தியும் நாயகி பாவமும் நீங்கினால் பரதம் எஞ்சுமோ என வினவினோர் உண்டு. எளிதில் புறந்தள்ளத்தக்க வினா அன்று இது. தலைமுறைகள் காத்தளித்த சுவையை இழக்க எவர்க்கும் மனம் ஒப்பாது. எனினும் அவர் ஆசான் தந்த அடவுகளைக் கைவிடவில்லை என்பதையும் எண்ணுதல் வேண்டும். மரபின் வேரைப் பற்றிக்கொண்டே, பெண்ணின் உடலை அலங்காரப் பொருளாகக் காணும் பார்வையை அவர் மறுத்தார். 2004இல் சங்கீத நாடக அகாதெமியின் உயர் சிறப்பாகிய ஃபெல்லோஷிப் அவருக்கு வழங்கப்பெற்றது. 2006 டிசம்பர் 30 அன்று சென்னையில் அவர் மறைந்தார்.

பாவும் ஊடையும் சேர்ந்தாலன்றித் துணி இல்லை என்பது தறியோசை கேட்கும் சோமனூருக்குத் தெரியும். கலையும் வாழ்வும் அத்தகையனவே. பத்தாண்டு கண்ட இலக்கிய வட்டமும், எழுதப்படும் ஒவ்வொரு வரியையும் இந்த மண்ணின் தாகத்தோடு வைத்து நோக்குமாயின், சந்திரலேகா எழுப்பிய வினாவுக்கு இங்கும் ஒரு விடை பிறக்கும்.

வாழ்க தமிழ்!