வராத சம்பளம்: சட்டம் என்ன சொல்கிறது?

(நமது சங்கத்தின் காலாண்டுக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



நம் தெருக்களில் பல்கலைக்கழகத்தில் வேலை பார்ப்பவர்களும், அங்கே ஓய்வுபெற்றவர்களும் கணிசமாக இருக்கிறார்கள். மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் சம்பளமும் ஓய்வூதியமும் மாதக்கணக்கில் தாமதமானதையும், ஊழியர்கள் போராடியதையும் செய்தித்தாள்களில் படித்தோம். இப்படிப்பட்ட நேரத்தில் எந்த நிர்வாகமும் சொல்லும் பதில், "நிதி இல்லை" என்பது. அந்தப் பதில் நீதிமன்றத்தில் எடுபடுமா?

எளிதில் எடுபடாது. மூன்று தீர்ப்புகளைச் சொல்கிறேன்.

முதலாவது, 2003-இல் உச்ச நீதிமன்றம் விசாரித்த கபிலா ஹிங்கோரானி வழக்கு. பீகார் அரசு நிறுவனங்களின் ஊழியர்களுக்கு ஆண்டுக்கணக்கில் சம்பளம் வரவில்லை. "அவை தனி நிறுவனங்கள், எங்களுக்குப் பொறுப்பில்லை" என்றது அரசு. நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. ஊழியரின் வாழ்வுரிமை அரசியல் சாசனத்தின் 21-ஆவது பிரிவில் இருக்கிறது, அரசு கையைக் கழுவ முடியாது என்றது. அரசுப் பல்கலைக்கழக ஊழியருக்கும் இந்த வாதம் கைகொடுக்கும்.

இரண்டாவது, ஜார்க்கண்ட் அரசு வழக்கு, 2013. ஓய்வூதியமும் பணிக்கொடையும் ஊழியரின் சொத்து. சட்ட விதி இல்லாமல் வெறும் நிர்வாக உத்தரவால் நிறுத்தி வைக்கக் கூடாது என்று தீர்ப்பு வந்தது.

மூன்றாவது, ஆந்திரா. கொரோனா காலத்தில் அரசு சம்பளத்திலும் ஓய்வூதியத்திலும் ஒரு பகுதியைத் தள்ளிவைத்தது. ஓய்வுபெற்ற மாவட்ட நீதிபதி ஒருவர் வழக்குப் போட்டார். 2021-இல் உச்ச நீதிமன்றம், செய்த வேலைக்கான சம்பளம் ஊழியரின் உரிமை என்று சொல்லி, தாமதத்துக்கு ஆண்டுக்கு 6 சதவீத வட்டியும் தரச் சொன்னது. கொரோனாவுக்கே வட்டி கேட்க முடிந்தது என்பதை நினைவில் வையுங்கள்.

இனி முக்கியமான எச்சரிக்கை. "எப்படியும் ஒருநாள் தருவார்கள்" என்று காத்திருப்பதில்தான் பலர் நஷ்டப்படுகிறார்கள். 2008-இல் தர்செம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னபடி, மாதாமாதம் தொடரும் பாக்கியில் வழக்குப் போட்ட நாளுக்கு முந்தைய மூன்று ஆண்டுத் தொகையைத்தான் பொதுவாகப் பெற முடியும். ஏழு ஆண்டுப் பாக்கி இருந்து இன்று வழக்குப் போட்டால், நான்கு ஆண்டுப் பணம் கைவிட்டுப் போகலாம். வாய்ப்பேச்சு வாக்குறுதி அந்தக் கெடுவை நிறுத்தாது. மனு கொடுத்துக்கொண்டே இருப்பதும் நிறுத்தாது.

ஆகவே செய்ய வேண்டியவை இவை.

ஒன்று, எந்தெந்த மாதம், எவ்வளவு தொகை என்று பட்டியல் போட்டுப் பதிவாளருக்கு எழுதுங்கள். வட்டியையும் கேளுங்கள். நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குங்கள்.

இரண்டு, சம்பளத்தில் பிடித்த வருங்கால வைப்பு நிதியும் கூட்டுறவுக் கடன் தவணையும் உரிய கணக்கில் கட்டப்பட்டதா என்று பாருங்கள். விவரம் தராவிட்டால் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். பொதுவாக 30 நாளில் பதில் தர வேண்டும்.

மூன்று, பதில் வராவிட்டால் 226-ஆவது பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. நம் பக்கத்துக்கு மதுரைக் கிளை இருக்கிறது. பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச சட்ட உதவி உண்டு.

துப்புரவு, காவல் பணியில் ஒப்பந்தக்காரர் மூலம் வேலை பார்ப்பவர்களும் கேளுங்கள். ஒப்பந்தக்காரர் கூலி தராவிட்டால் வேலை வாங்கிய நிறுவனமே தர வேண்டும் என்று 1970-ஆம் ஆண்டின் ஒப்பந்தத் தொழிலாளர் சட்டமே சொன்னது.

ஒவ்வொருவர் நிலைமையும் வேறு. வழக்குக்கு முன் காகிதங்களை ஒரு வழக்கறிஞரிடம் காட்டிவிடுங்கள். ஆனால் அந்தப் பட்டியலை இந்த வாரமே எழுதத் தொடங்குங்கள்.