முகமூடிக்குள் ஒரு குரல்: ராடி மெக்டவல்



ஜான் ஃபோர்டு இயக்கி 1941இல் வெளிவந்த 'ஹவ் கிரீன் வாஸ் மை வேலி' என்ற படம், வேல்ஸ் நாட்டு நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர் குடும்பம் ஒன்றின் கதை. 'சிட்டிசன் கேன்' போட்டியிட்ட ஆண்டில் சிறந்த படத்துக்கான ஆஸ்கார் பரிசை இதுவே வென்றது. கடைக்குட்டி ஹியூவாக நடித்தவர் ராடி மெக்டவல். 1928இல் லண்டனில் பிறந்து, 1940இல் போருக்கு அஞ்சி அமெரிக்கா வந்த சிறுவர். படத்தின் கதையைச் சொல்பவனும் ஹியூதான். ஆனால் முதிர்ந்த ஹியூ. அவனது முகம் திரையில் தெரிவதில்லை. அமெரிக்கப் பதிப்பில் அந்தக் குரல் இர்விங் பிச்சலுடையது. முகம் ஒருவருடையது, குரல் வேறொருவருடையது. பிற்காலத்தில் மெக்டவலின் வாழ்க்கை இதைத் தலைகீழாக்கிற்று.

'லாஸி கம் ஹோம்' (1943) அவருடைய புகழை வளர்த்தது. பிறகு வயது வந்தது. மகரக்கட்டு உடைந்த பாலநடிகனுக்கு மேடை எத்தனை கொடியது என்பதைத் தமிழ் நாடக உலகம் நன்கறியும். ஹாலிவுட்டும் இரக்கம் காட்டவில்லை. ஆர்சன் வெல்ஸின் 'மக்பெத்' (1948) படத்தில் மால்கம் வேடம் கிடைத்தது. அப்படத்தில் வசனங்களை முன்னதாகவே ஒலிப்பதிவு செய்துவிட்டு, அதற்கேற்ப நடிகர்களை வாயசைக்கச் செய்தார் வெல்ஸ். பின்னர் நியூயார்க் மேடைக்குச் சென்ற மெக்டவல் 1960இல் டோனி விருது பெற்றார். ஒளிப்படக் கலையிலும் பெயர் பெற்றார்.

1968இல் 'பிளானட் ஆஃப் த ஏப்ஸ்' வந்தது. கொர்னீலியஸ் என்னும் சிம்பன்சி அறிஞர் வேடம். ஜான் சேம்பர்ஸின் ரப்பர் ஒப்பனையை அணியவே சில மணி நேரம் பிடிக்கும். ஒப்பனைக்கு அடியில் முகத்தை அசைத்துக்கொண்டே இராவிட்டால் அது செத்த முகமாகிவிடும் என்பதை மெக்டவல் உணர்ந்தார். மூக்கைச் சுளித்தார், கன்னத்தைத் துடிக்கச் செய்தார். எஞ்சியவை கண்ணும் குரலும். உலகம் நன்கறிந்த முகத்தை மறைத்த பிறகே அவர் மறுபடியும் உலகப் புகழ் பெற்றார் என்பது கசப்பான வேடிக்கை.

அவ்வரிசையின் இரண்டாம் படத்தில் (1970) அவர் இல்லை. ஸ்காட்லாந்தில் தம் படத்தை இயக்கிக்கொண்டிருந்தார். கவிஞர்கள் கூடிய இவ்வவையில் சற்று நின்று பேசவேண்டிய இடம் இது. அவர் எடுத்துக்கொண்டது நாவலன்று, நாடகமன்று. 'டாம் லின்' என்ற பழைய ஸ்காட்லாந்துக் கதைப்பாடல். தேவதைகளின் அரசியிடம் சிறைப்பட்ட இளைஞனை அவன் காதலி ஜேனட் மீட்கிறாள். அவன் கொடிய விலங்காகவும் எரியும் பொருளாகவும் உருமாறும்போதும் கைப்பிடியை விடலாகாது என்பதே நிபந்தனை. மெக்டவல் கதையைத் தம் காலத்துக்குக் கொண்டுவந்தார். இளைஞர் கூட்டத்தைச் சூழ வைத்துக்கொண்ட செல்வச்சீமாட்டியாக ஏவா கார்ட்னர். இளைஞனாக இயன் மெக்ஷேன். மந்திரத்தின் இடத்தில் போதைமருந்து. பென்டாங்கிள் குழுவினரின் பாட்டு ஊடே ஊடே கதை சொல்கிறது. படம் எங்கும் சமமாக அமையவில்லை; முற்பகுதி தளர்கிறது. ஆனால் இரவில் துரத்தப்பட்டு, மயக்கத்தில் உருமாறித் தவிப்பவனை ஜேனட் விடாமல் பற்றும் இறுதிப் பகுதியில் பழம்பாட்டின் உயிர் நிற்கிறது. தயாரித்த நிறுவனம் நொடித்தது; படம் வேறு கைக்குப் போய் வெட்டப்பட்டு, பெயரும் மாற்றப்பட்டு அமெரிக்காவில் வெளியாயிற்று. திரைப்படம் எதையும் அவர் மீண்டும் இயக்கவில்லை. இழப்பு திரைக்கே.

குரல் மட்டும் கைவிடவில்லை. சக் ஜோன்ஸ் 1976இல் ஆக்கிய 'மௌக்லிஸ் பிரதர்ஸ்' கார்ட்டூன் படம், நம் சியோனிக் காட்டில் நிகழும் கிப்ளிங்கின் கதை. அதில் கதை சொல்பவரும் மெக்டவல். ஓநாய்த் தலைவன், புலி, சிறுவன் என ஆண் பாத்திரங்களும் அவரே. ஐம்பதை நெருங்கும் வயதில் மீண்டும் ஒரு சிறுவனாகப் பேசினார். இம்முறை முகத்துக்கு வேலையில்லை. 1990களில் பேட்மேன் கார்ட்டூன் தொடரில் 'மேட் ஹாட்டர்' என்னும் கிறுக்கனுக்குக் குரல் கொடுத்தார். அக்கிறுக்கனிடம் குரூரத்தைவிடத் தனிமையே மிகுதியாகக் கேட்கிறது.

1998 அக்டோபர் 3ஆம் நாள் புற்றுநோயால் அவர் மறைந்தார். 'எ பக்ஸ் லைஃப்' படம் அடுத்த மாதம் திரைக்கு வந்தது. அதில் ஓர் எறும்பு அவர் குரலில் பேசிற்று.